ரூமுக்கு ஹீட்டர் இல்லை, மீனுக்கு உண்டு

கிறீச், கிறீச் என்று ஒரு சத்தம் கேட்டால், எழுந்துபோய்ப் பார்க்காமலேயே அது எந்த ரூம் கதவு என்று சொல்லத் தெரிய வேண்டும். லாட்ஜில் ராத்திரி டூட்டி என்பது அவ்வளவுதான். என்னைப் போல ரிசப்ஷனிலோ, ஆஸ்பத்திரி கேட்டிலோ, ஏடிஎம் வாசலிலோ உட்கார்ந்து அடுத்தவர்களின் தூக்கத்தைக் காவல் காக்கும் சக பாவிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

கத்துகிற கவர்

அன்றைக்கு நான் டூட்டிக்கு வந்தபோதே கரண்ட் இல்லை. கேட்ட சத்தம் எந்தக் கதவுடையதும் இல்லை. கவுண்டர் மேலேயே, என் கைக்குப் பக்கத்திலேயே கேட்டது. எலி என்று நினைத்து இருட்டில் ஸ்கேலைத் தடவினேன். எதிரே நின்ற ஓனர் செல்போன் வெளிச்சத்தைத் திருப்பினார். ஒரு பிளாஸ்டிக் கவர். அதற்குள் விரல் நீளத்துக்கு, புள்ளி புள்ளியாய், மீசை வைத்த மீன்கள். ஒன்றின் துடுப்பு முள் கவரைக் குத்தி, தண்ணீர் மேஜையெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது. குத்தியது போதாதென்று அதுவேதான் கத்திக்கொண்டும் இருந்தது.

மதுரையில் ஏதோ பெரிய ஹோட்டல் வாசலில் மீன்தொட்டியைப் பார்த்துவிட்டு வந்ததிலிருந்து ஓனருக்கு அந்த ஆசை. தொட்டி முந்தின நாளே வந்து இறங்கியிருந்தது. மீனுக்கு நான் ஒரு பிளாஸ்டிக் வாளியைத் தேடி ஓட, அவர் சாவகாசமாகச் சொன்னார்: "ஆப்பிரிக்கா மீனாம்ப்பா. பகல் பூரா தூங்குமாம், ராத்திரி பூரா முழிச்சிருக்குமாம். ஒனக்கு ஒரு அசிஸ்டெண்ட் போட்டிருக்கேன்னு வச்சுக்க."

துக்கம் விசாரிக்க வந்தவர்கள்

இந்த வகைக் கெளுத்திக்கு மல்லாந்து நீந்துவது பிறவிக் குணம். வயிறு மேலே, முதுகு கீழே. ஒரு அவசரமும் இல்லாமல் போகும், வரும். எனக்கும் முதலில் தெரியாது. போனில் தேடித் தேடிப் படித்தேன். பத்தாவதில் விட்ட படிப்பை ஒரு மீனுக்காகத் தொடர்வேன் என்று யார் கண்டது? ஆனால் சாயங்கால பஸ்ஸில் வந்து இறங்கி ரூம் கேட்கிறவர்களுக்கு இதெல்லாம் எங்கே தெரியும்? தொட்டிப் பக்கம் விரலை நீட்டி, குரலைத் தாழ்த்தி, "சார், ஒங்க மீனு..." என்று ஆரம்பிப்பார்கள். வாக்கியத்தை முடிக்க மாட்டார்கள். சாவுச் செய்தி சொல்ல நம் ஜனங்களுக்கு ஒரு முறை இருக்கிறது இல்லையா, அது.

விருதுநகரிலிருந்து ஒரு ரிட்டயர்டு வாத்தியார் மனைவியோடு வந்திருந்தார். ஆதார் கார்டை நீட்டிய கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு தொட்டியையே பார்த்தார். அது சாகவில்லை, அதன் வழக்கமே அப்படித்தான் என்று விளக்கினேன். முன் பெஞ்சு மாணவனைப் போலத் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். எல்லாம் கேட்டுவிட்டு, "அப்ப என்னைக்காவது நேரா நீந்துச்சுன்னாத்தான் சொந்தக்காரங்களுக்குச் சொல்லி விடணும், அப்படித்தானே?" என்றார்.

கெடு

இடையில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை. நான் ஒரு வேலையில் நிலைத்தவன் இல்லை. திண்டுக்கல்லில் மில், மதுரையில் பார்சல் ஆபீஸ், பழனியில் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு லாட்ஜ், எல்லாமே ராத்திரி வேலைதான். எதிலும் வேலை கஷ்டமாக இருந்ததில்லை. ஊரே தூங்கும்போது நான் ஒருத்தன் மட்டும் முழித்திருக்கிறேன் என்கிற நினைப்பு ஒருநாள் நெஞ்சில் வந்து உட்காரும். மறுநாள் பெட்டியைக் கட்டிவிடுவேன். இந்தக் கொடைக்கானல் லாட்ஜில்தான் அந்த நினைப்பு வரவில்லை. தொட்டிக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், எனக்காக இல்லாவிட்டாலும், யாரோ முழித்திருந்தார்கள்.

ஓனருக்கு இதைச் சொன்னால் சிரிப்பார். அவருக்கோ வருகிற கெஸ்டெல்லாம் மூக்கில் விரல் வைப்பதுதான் கவலை. ஒருநாள் சாவியை ஆட்டிக்கொண்டே சொல்லிவிட்டார்: "நாலு பேரு சந்தோசமா இருக்க வர்ற எடம்ப்பா. வாசல்லயே செத்துக் கெடக்குற மாதிரி ஒண்ணா? இன்னும் ஒரு கெஸ்ட் கம்ப்ளைண்ட் பண்ணட்டும், தொட்டி வெளிய போயிரும், ஆமா."

நிமிர்த்தும் வேலை

அந்தோணியம்மா பேத்துப்பாறையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து, வராந்தா கூட்டி, ரூம்களுக்குப் படுக்கை விரிப்பு மாற்றுகிறவர். கெடு வைத்த மறுநாள் விடியற்காலை, டீக்கடையிலிருந்து திரும்பினால், முழங்கை வரை கையைத் தொட்டிக்குள் விட்டுக்கொண்டு நிற்கிறார். ஒரு மீனைப் பிடித்து நேராக்குகிறார். அது வழுக்கிக்கொண்டு போய் மறுபடி மல்லாந்துகொள்கிறது. அடுத்ததைப் பிடிக்கிறார். கெஸ்ட் எழுந்து வருவதற்குள் எல்லாவற்றையும் நிமிர்த்திவிட்டால் தொட்டி தப்பிக்கும் என்பது அவருடைய கணக்கு.

"விடுங்கக்கா, அதுக அப்படித்தான். கையில முள்ளு ஏறிரும்," என்றேன். கையை உதறி, முந்தானையில் துடைத்துக்கொண்டார். முகத்தில் வருத்தமும் இல்லை, ஆச்சரியமும் இல்லை. "எங்க வீட்டுக்காரரும் இதே மாதிரிதான் சார். எத்தனை மட்டம் நிமித்தி வச்சாலும் ராத்திரியானா கவுந்துருவாரு."

பெயர்ப் பலகை

விசாரிப்புகளைக் குறைக்க ஒரு அட்டையில் எழுதி ஒட்டினேன்: "ஆப்பிரிக்கக் கெளுத்தி. உயிரோடு இருக்கிறது. தொட வேண்டாம்." துக்கம் நின்றது. அதைவிடப் பெரியது வந்தது.

தஞ்சாவூர்ப் பக்கத்து ஆள் ஒருவர், ஊரில் மீன் குட்டை வைத்திருப்பவர், அட்டையைப் படித்ததும் பையைக் கீழே போட்டார். "யோவ், இத வளக்கக் கூடாதுன்னு கவர்மெண்டே தடை போட்டிருக்கு, தெரியுமா தெரியாதா? குட்டையில ஒண்ணு பூந்துச்சுன்னா மத்த மீனப் பூராத்தையும் முழுங்கிரும்யா!" என்று செல்போனை எடுத்துப் படம் பிடிக்க ஆரம்பித்தார். எனக்கு ஓனரின் கெடு கண்ணுக்குள் ஓடியது. அவர் சொல்வது இதன் பெரிய பங்காளி, அது ஆள் நீளம் வளரும், இது வேற சாதி என்றேன். நம்பவில்லை. வலை போட்டால் முள் சிக்கிக்கொள்ளும் என்பதால் ஒரு பிளாஸ்டிக் மக்கில் மொண்டு, முகத்துக்கு நேரே நீட்டி, முழுசா வளர்ந்தாலும் உள்ளங்கையைத் தாண்டாது என்றேன். மக்குக்குள் எட்டிப் பார்த்தவரின் முகம் அப்படியே சுருங்கிப் போனது. போனைப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு, "இத்தனூண்டா? அப்ப கொழம்புக்கும் ஆவாது, கேசுக்கும் ஆவாது," என்றார்.

வெந்நீர் நேரம்

அட்டையில் முதல் வரியைக் கிழித்துவிட்டேன். மிச்சமிருந்த "உயிரோடு இருக்கிறது, தொட வேண்டாம்" என்பது மீனைப் பற்றியதா, கவுண்டரில் உட்கார்ந்திருப்பவனைப் பற்றியதா என்று புதுசாக வந்த ஜோடிகள் பார்த்துச் சிரித்தார்கள். சிரித்தால் கம்ப்ளைண்ட் இல்லை. அது போதும்.

எங்கள் லாட்ஜில் வெந்நீர் காலை ஆறிலிருந்து ஒன்பது வரை. ரூமில் ஹீட்டர் கிடையாது. கம்பளி உண்டு, பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டால் இரண்டாவது கம்பளியும் உண்டு. மீன் மட்டும் சூட்டு நாட்டுப் பிறவி, கொடைக்கானல் தண்ணீரைத் தாங்காது என்பதால் தொட்டிக்குள் ராப்பகலாக ஒரு ஹீட்டர். அதன் சிவப்பு விளக்கை ஏதோ அலங்காரம் என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தார்கள். நானும் திருத்தவில்லை.

மழைக்காலத்தில் பெருமாள்மலைப் பக்கம் மரம் சாய்ந்து கரண்ட் போனது. விடியப்போகிற நேரம் தொட்டியில் விரலை வைத்தால் விறைத்தது. மீன்கள் அடியில் கல்லோடு கல்லாகக் கிடந்தன. கிச்சனில் கேஸ் அடுப்பைப் பற்றவைத்து, வெந்நீரைக் காலி பாட்டில்களில் நிரப்பி, மூடியை இறுக்கித் தொட்டியில் மிதக்கவிட்டேன். ஆற ஆற மாற்றினேன். தொட்டியைச் சுற்றி ஒரு கம்பளியும் போர்த்தினேன்.

பழனிக்குத் தரிசனத்துக்கு வெள்ளனே இறங்க வேண்டிய சிவகாசிக் குடும்பம் ஒன்று மாடியில் இருந்தது. "கரண்ட் இல்லைங்க, இன்னைக்கு வெந்நீர் வராதுங்க" என்று அவர்களிடம் சற்றுமுன்தான் சொல்லியிருந்தேன். குடும்பத் தலைவர் இடுப்பில் துண்டோடும் கையில் வாளியோடும் படி இறங்கி வந்தார். உதடு நடுங்கிக்கொண்டிருந்தது. என் கையில் ஆவி பறக்கும் பாட்டிலைப் பார்த்தார். கம்பளியைப் பார்த்தார். அடுப்பிலிருந்த மிச்ச வெந்நீரை அவர் வாளியில் ஊற்றப் போனேன். வாளியைத் தள்ளி வைத்துக்கொண்டார். "நாங்க முருகனப் பாக்கப் போறோம், எங்களுக்குப் பச்சத்தண்ணி. இது யாரைப் பாக்கப் போகுது?"

பகலில் வந்த ஆள்

அவர் மலை இறங்கி முடிப்பதற்குள் ஓனருக்குப் போன் போய்விட்டது. கெடு முடிந்தது, தொட்டி வெளியே போக வேண்டியதுதான். பள்ளங்கிப் பக்கம் புதிதாக ரிசார்ட் கட்டியிருந்த ஒருவர் தொட்டியை மீனோடு எடுத்துக்கொள்வதாக ஒத்துக்கொண்டார். மறுநாள் உச்சி வெயிலில் வண்டியோடு வந்து நின்றார்.

நான் பின்கட்டில் தூங்க வேண்டிய நேரம். தூக்கம் வரவில்லை. குரங்குக் குல்லாயோடு மாடிப்படிப் பக்கம் வந்து நின்றேன். அங்கே ஜெனரேட்டர் இருக்கிறது, மீனுக்கு அது நல்ல இடம்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சொன்னது எதுவும் உள்ளே இறங்கவில்லை. பெட்டி கட்டிலுக்கு அடியில்தான் இருக்கிறது என்று ஞாபகம் வந்தது.

ரிசார்ட்காரர் குனிந்து கண்ணாடியில் மூக்கை வைத்தார். இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் போய்ப் பார்த்தார். தண்ணீர் இருந்தது. கல் இருந்தது. உடைந்த மண்சட்டித் துண்டுகள் இருந்தன. ஓனர் கண்ணாடியைத் தட்டினார், ஸ்கேலை விட்டுக் கலக்கினார். "உள்ளதான் சார் இருக்கு. ராத்திரி பாருங்க, கும்மாளம் போடும்!" என்றார்.

"எங்க கெஸ்ட் ராத்திரி தூங்குவாங்க சார்."

ஓனர் என் பக்கம் திரும்பினார். "ஏப்பா, நீ சொல்லேன். எங்கிட்டு இருக்குன்னு எடுத்துக் காட்டு."

எந்தச் சட்டித் துண்டைத் தூக்கினால் அத்தனையும் வெளியே வரும் என்று எனக்குத் தெரியும். "பகல்ல அதுக என்ன பண்ணுதுன்னு எனக்கு எப்படித் தெரியுங்க? நான் ராத்திரி டூட்டிதான," என்றேன்.

ரிசார்ட்காரர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தார். "செத்த மீன விக்கிறவனப் பாத்திருக்கேன். இல்லாத மீன விக்கிற மொத ஆளு நீங்கதான் சார்," என்று சொல்லிவிட்டு வண்டியைத் திருப்பினார். புகை அடங்கும் வரை நின்றிருந்த ஓனர், தொட்டியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "சரி, அடுத்த ஆளு வர்ற வரைக்கும் கெடக்கட்டும். ரெண்டும்," என்றார்.

ஆக, அசிஸ்டெண்டுகளுக்கும் எனக்கும் வேலை நிரந்தரம் என்று யாரும் சொல்லிவிடவில்லை என்றாலும், விலை போகாததற்கும் ஒரு பாதுகாப்பு இருக்கத்தான் செய்கிறது. சாயங்காலம் டூட்டிக்கு வந்து, ரப்பர் குழாயின் ஒரு முனையைத் தொட்டியில் விட்டு, மறுமுனையை வாயால் உறிஞ்சி, அழுக்குத் தண்ணீரை வாளிக்கு இறக்கத் தொடங்கினேன்.