கலைவாணன் சாருக்கு எது முக்கியம்

எங்கள் கொம்யூன் பஞ்சாயத்து அலுவலகத்துக்கு மனு எழுதத் தெரியாதவர் யார் வந்தாலும் நேராகக் கலைவாணன் சாரிடம்தான் போவார்கள். போவார்கள் என்பது தவறு, போனார்கள். பிறப்புச் சான்றிதழில் பெயர்த் திருத்தம், முதியோர் பென்ஷன், தண்ணீர் இணைப்பு, எதுவாக இருந்தாலும் "இப்படி ஒக்காருங்க" என்று மேசைக்குப் பக்கத்துப் பெஞ்சைத் தட்டுவார். அவர்கள் சுற்றி வளைத்துச் சொல்வதை நான்கே வரியில் எழுதி, வாசித்துக் காட்டி, "இதானே?" என்பார். அதேதான் என்று அவர்கள் முகம் மலரும். உண்மையில் அது அவர் வேலையே இல்லை. அவர் வரிப் பிரிவு எழுத்தர். விழிதியூரிலிருந்து முப்பது வருஷமாக வந்து போகிறவர். மனுக்காரர்களுக்காகத்தான் சார் லீவே போடுவதில்லை என்று நாங்கள் கேலி செய்வோம்.

இரண்டு வருஷத்துக்கு முன் அவருடைய இடது கணுக்காலுக்கு மேல் உள்பக்கமாக ஒரு புண் வந்தது. கால் நரம்பு புடைத்துச் சுருண்டு, மேலே ஏற வேண்டிய ரத்தம் கீழேயே தேங்கி, தோல் கறுத்து உடைந்துவிட்டதாம். காலில் ஆறாத புண் என்றாலே ஊருக்கு அது சர்க்கரைதான். "சுகர் இல்லைங்க, நரம்பு" என்று சொல்லிச் சொல்லி அலுத்துப்போய், லேப் ரிப்போர்ட்டைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டார். டாக்டர் இறுக்கிக் கட்டச் சொன்னார். மருந்துக் கடைக்காரர் காற்றுப் பட்டால்தான் ஆறும் என்றார். எங்கள் பியூன் மதியழகன் நடக்கவே கூடாது என்றார். மைத்துனர் நடக்காவிட்டால் கால் போய்விடும் என்றார். கலைவாணன் சாருக்கு யாரிடமும் முடியாது என்று சொல்லத் தெரியாது. காலையில் கட்டு, மாலையில் காற்று, ஒரு நாள் நடை, ஒரு நாள் படுக்கை என்று எல்லாவற்றையும் செய்தார். புண்ணும் குழம்பிப்போயிருக்க வேண்டும். ஒரு மாதம் சுருங்கியது, மறு மாதம் விரிந்தது.

பிறகு நீர் கசியத் தொடங்கி, கட்டையும் மீறி வாடை வந்தது. நான் செய்ததையும் சொல்லிவிடுகிறேன். ஒரு நாள் பென்ஷன் மனுவோடு வந்த அம்மாள் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு பாதியில் எழுந்து போய்விட்டார். மறுநாள் சார் வருவதற்கு முன் அந்தப் பெஞ்சை என் மேசைப் பக்கம் இழுத்துப் போட்டது நான்தான். அவர் கேட்டபோது, ஃபேன் இங்கேதான் நன்றாகச் சுற்றுகிறது என்றேன். சரி என்று தலையாட்டினார். அன்றிலிருந்து மனுக்காரர்கள் என்னிடம் வந்தார்கள். நான் எழுதிய மனுக்களில் பாதி திரும்பி வந்தன.

அவர் மூக்குக்கு அந்த வாடை பழகிவிட்டது போலும்.

"ஏம்மா கீர்த்திகா, இப்பல்லாம் யாரும் நம்மகிட்ட வர்றதில்லியே, ஏன்?" என்று வாரத்துக்கு ஒரு தடவையாவது கேட்பார். வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டதுபோல் அலுவலகமே உட்கார்ந்திருக்கும்.

அவர் கட்டு மாற்றப் போகும் ஆஸ்பத்திரிக்கு இந்த வருஷம் ஷஃபீனா என்ற நர்ஸ் புதிதாக வந்தார். கட்டை அவிழ்ப்பதற்கு முன்னால் ஒரு தாளைக் கொடுத்தாராம். மேலே பெயர், வயது. கீழே ஒரே கேள்வி: உங்களுக்கு எது முக்கியம்?

"வீட்ல யோசிச்சு எழுதிக் கொண்டாங்க சார். அதுக்குத் தகுந்த மாதிரி பாத்துக்கலாம்" என்றாராம்.

ஊருக்கெல்லாம் எழுதிக் கொடுத்தவர் பெயரையும் வயதையும் எழுதிவிட்டு அங்கேயே நின்றுவிட்டார். அவர் மனைவி அமுதம், "ஆறணும்னு எழுதுங்க, வேற என்ன இருக்கு?" என்றிருக்கிறார்.

"அது டாக்டருக்கு முக்கியம். எனக்கு எதுன்னுல்ல கேக்குறாங்க" என்று இவர் சொல்லியிருக்கிறார்.

என்னிடம் வந்து, "இதுக்கு மாதிரிப் படிவம் எதுவும் கெடைக்குமாம்மா?" என்று கேட்டார். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

அடுத்த வாரம் ஆஸ்பத்திரியில், பக்கத்தில் உட்கார்ந்திருந்த துணிக்கடை நூகு பாயின் தாளை எட்டிப் பார்த்தார். பள்ளிவாசலுக்கு நடந்து போகணும் என்று அதில் இருந்தது. இவர் கோயிலுக்கு நடந்து போகணும் என்று எழுதிக் கொடுத்துவிட்டார்.

ஷஃபீனா அதை நம்பிவிட்டதுதான் வம்பு. கோயில் எவ்வளவு தூரம் என்று விசாரித்தார். கட்டோடு நுழைகிற செருப்பாகப் பார்த்து வாங்கச் சொன்னார். கால் வீங்குவதற்கு முன், படுக்கையை விட்டு எழும்போதே கட்டுப் போட அமுதத்துக்குக் கற்றுக்கொடுத்தார். தினமும் சாயங்காலம் கோயிலுக்கு நடை. கோயில் பக்கமே போகாத மனிதர் தினமும் போவதைப் பார்த்து, என்ன வேண்டுதல் என்று தெரு முழுக்க அமுதத்திடம் கேட்டது. அவருக்கும் தெரியவில்லை. சார் போவார், வாசலில் கொஞ்ச நேரம் நிற்பார், திரும்புவார். வீக்கம் வற்றியது உண்மை. கசிவு மட்டும் நிற்கவில்லை.

"காலு பரவால்ல. ஆனா ஒண்ணும் சரியாவல போலருக்கேம்மா" என்றார் என்னிடம். எது சரியாகவில்லை என்று அவருக்குச் சொல்லத் தெரியவில்லை. எனக்குத் தெரிந்திருந்தது, சொல்லவில்லை.

மூன்றாவது வாரம் ஷஃபீனா, "கோயிலுக்குப் போறது எப்படி சார் இருக்கு?" என்று கேட்டார்.

"அங்க எனக்கு ஒரு வேலையும் இல்ல சிஸ்டர்" என்று ஆரம்பித்து, நூகு பாயைப் பார்த்து எழுதியதை ஒப்புக்கொண்டுவிட்டார். ஷஃபீனா திட்டவில்லை. இன்னொரு தாளை எடுத்துக் கொடுத்தார்.

"இந்தத் தடவ நீங்களே எழுதுங்க சார். இதுல சரி தப்புன்னு எதுவும் கெடையாது."

சரி தப்பு இல்லாத ஒரு படிவத்தை அவர் வாழ்நாளில் பார்த்ததில்லை. இரண்டு நாள் எழுதுவதும் அடிப்பதுமாக இருந்தார். வெள்ளிக்கிழமை சாப்பாட்டுக்குப் பிறகு என் மேசைக்கு வந்து தாளை நீட்டினார்.

"பிழை இருக்கான்னு பாரும்மா."

அவருடைய அழகான கையெழுத்தில் இப்படி இருந்தது: 'மனுதாரர்கள் முன்போல் என் பக்கத்தில் வந்து உட்கார வேண்டும். அவர்கள் ஏன் வருவதில்லை என்பது தெரியவில்லை. இது காலுக்குச் சம்பந்தமில்லாத விஷயம் எனில் இக்கோரிக்கையைத் தள்ளுபடி செய்யவும்.'

பிழை எதுவும் இல்லை. இரண்டு தடவை படித்தேன். மதியழகன் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு வெட்கமாக இருந்தது. கோபமும் வந்தது, வேறு யார் மேலும் இல்லை, என் மேல்தான்.

"காலுக்குச் சம்பந்தம் இருக்கு சார்" என்றேன். "கட்டுலேருந்து வாடை வருது. ஒரு வருஷமா வருது. ஃபேனுக்காக நான் பெஞ்ச நகத்தல. அதுக்காகத்தான் நகத்துனேன்."

அவர் திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். தாளை வாங்கினார், கடைசி வரியை அடித்தார், அதன் கீழே 'வாடை நிற்க வேண்டும்' என்று எழுதினார். பிறகு பேனாவை மூடினார்.

"வாடைதானா?" என்றார். "யாரோட மனுவையோ தப்பா எழுதி, அவங்க பொழப்பக் கெடுத்துட்டேன் போலருக்குன்னு நெனச்சேன். ஒரு வருஷமா பழைய நகலையெல்லாம் எடுத்து எடுத்துப் பாத்துக்கிட்டு இருந்தேம்மா."