தமிழு என்றொரு சாதி

பட்டியல் சாதியினரை உட்பிரிவு வாரியாக எண்ணும் கணக்கெடுப்பு எங்கள் பேட்டையான நீலசந்திராவுக்கு வந்த வாரம், எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. படித்தது புள்ளியியல். எங்களையே எண்ண வருகிறார்கள் என்றால் சும்மா இருப்பேனா? சந்தில் வீடு வீடாகப் போய் ஒரே பாடம்: "சாதி கேட்டா 'தமிழு'ன்னு சொல்லிடாதீங்கக்கா. அது பாஷை."

இந்தக் கன்னட ஊரில் எங்கள் ஆட்களின் வழக்கமான பதில் அதுதான். கேட்ட கன்னடக்காரர்களும் பெரும்பாலும் அதோடு விட்டுவிடுவார்கள். மூன்று வருடம் முன்பு அம்மா இந்த மாடி வீட்டைப் பிடித்ததும் அந்த ஒற்றைச் சொல்லில்தான்.

அதனால் எதிர்ப்பு என் வீட்டிலேயே கிளம்பியது.

"ஊருக்கு நல்லா சொல்ற. இந்த மாசம் அக்ரிமென்ட் முடியுது. கீழ வீட்டுக்காரம்மா காதுல வுழுந்து காலி பண்ணுன்னா, வேற வூடு நீ பாப்பியா?" என்றாள் அம்மா.

வீடு தேடி அலைந்ததெல்லாம் அவள்தானே.

ஞாயிறு காலை, கைப்பேசியும் கையுமாக ஒரு பள்ளி ஆசிரியை கணக்கெடுக்க வந்தார். வழிகாட்ட மேலே ஏறி வந்த வீட்டுக்காரம்மா, எங்கள் வாசலிலேயே நின்றுகொண்டார். போச்சு!

"ஜாதி யாவ்தம்மா?"

"தமிழு."

"தமிளு லிஸ்ட்டல்லி இல்லம்மா."

நான் நாக்கைக் கடித்துக்கொண்டேன். அம்மா வாசலைப் பார்த்தாள். "ஆதி திராவிட."

அது பொதுப்பெயர், அதற்குள் எது என்று ஆசிரியை கன்னடத்தில் கேட்டார். எங்கள் சான்றிதழிலும் அந்தப் பொதுப்பெயர்தான். உள்ளே இருக்கும் பெயரை அம்மா வீட்டுக்குள்கூடக் குரல் தணித்துத்தான் சொல்வாள். ஆசிரியை காத்திருந்து பார்த்துவிட்டு, 'தெரியாது' என்ற கட்டத்துக்கு விரலைக் கொண்டுபோனார்.

"இரும்மா, தெரியாதுன்னு போடாத. எனக்குத் தெரியும்," என்றாள் அம்மா. "பறையர்."

கடைக்காரரிடம் கால் கிலோ வெங்காயம் கேட்கும் குரல். அவ்வளவுதான்.

"எஷ்டு ஜன?"

"மூணு பேர்!" நான் முந்திக்கொண்டேன்.

வீட்டுக்காரம்மா இறங்கிப் போனார். அன்று முழுக்க மாடிப்படியில் சத்தம் கேட்டாலே அம்மா நிமிர்ந்து பார்த்தாள். மறுநாள் மாலை அவர் புது வாடகைப் பத்திரத்தோடு மேலே வந்தார். "ஹெசரு... பேரு கரெக்டா இருக்கா நோடம்மா. சைன் போட்டுக் குடு."

அவர் முகத்தில் என்ன இருந்தது என்று எனக்குப் படிக்கத் தெரியவில்லை. பத்திரத்தை மட்டும் இரண்டு முறை படித்துக் காட்டினேன். அம்மா நிதானமாகக் கையெழுத்துப் போட்டாள்.

அவர் இறங்கியதும் எதிர்வீட்டு அக்கா ஜன்னலுக்கு வந்துவிட்டாள். முந்தின நாள் 'தெரியாது' என்று பதியச் சொன்னவள் அவள். "என்னக்கா, சொல்லிட்டியாமே! காலி பண்ணச் சொல்லலியா?"

"புதுசா சைன் போட்டாச்சு," என்றாள் அம்மா. "அந்த டீச்சரு இன்னும் பின்னாடி சந்துலதான் இருக்காங்க. ஓடிப்போய்க் கூட்டியாந்து மாத்திச் சொல்லு. உங்க வூட்ல அஞ்சு பேருடி!"