நெடில் பிசகிய வரி

நம்புவதும் நம்பாததும் உங்கள் பாடு. ஆனால் இது நடந்தது. இதைச் சொன்னவளை எனக்குப் பதினோரு வருடமாகத் தெரியும். உட்கார்ந்து கதை கட்ட அவளுக்கு நேரமும் இல்லை, தெம்பும் இல்லை.

ஒரு பதிப்பகத்தில் பிழை திருத்துவது அவள் வேலை. எதைக் காட்டினாலும் முதலில் தப்பைத்தான் பார்ப்பாள் என்பதால் அங்கே அவளுக்குப் பெயர் 'பிழையக்கா'. வீட்டில் பஸ் ஓட்டும் கணவர், பதினாறு வயதில் ஒரே மகள். காலை நான்கரைக்கு எழுந்தால் இரவு பதினொன்றுக்குத்தான் முதுகைச் சாய்ப்பாள்.

அன்று வந்தது ஒரு பழைய ஏட்டுச்சுவடியின் அச்சுப்படி. மூன்றே வரி. அர்த்தம் கிடையாது, வெறும் ஒலிகள். வாய்விட்டுச் சொன்னால் இருப்பது மாறிவிடும் என்று முன்னுரையில் போட்டிருந்தது.

"அப்போ இந்த ஃபேனாவது கொஞ்சம் வேகமா சுத்துதான்னு பாப்போம்" என்றாள்.

கணினியில் தட்டச்சு செய்பவர் சிரித்தார். ஆமை மாதிரி தட்டுவதால் அவர் பெயர் 'வேகம்'. அவள் தாளைப் பார்த்து வாசிக்க, அவர் திரையில் ஒப்பிட வேண்டும். அதுதான் வழக்கம்.

மணி மூன்று பத்து. வாசித்தாள். மூன்றாவது வரியின் கடைசியில் ஒரு கொட்டாவி வந்தது. அதை அடக்கிக்கொண்டே முடித்தாள்.

சட்டென்று எல்லாச் சத்தமும் நின்றது. ஃபேன் சுற்றியது, சத்தம் இல்லை. வேகம் விசையைத் தட்டினார், சத்தம் இல்லை. ஒரு மூச்சு விடும் நேரம்தான். பிறகு எல்லாம் பழையபடி கேட்டது.

தூக்கக் கலக்கம் என்று நினைத்துக்கொண்டாள். இன்னொரு முறை பார்க்கலாம் என்று தாளைப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பினாள்.

ஐந்து நாற்பதுக்கு வீட்டுக்குள் நுழைந்தாள். வாசலில் ஒரு ஜோடி சின்னச் செருப்பு. பக்கத்து வீட்டுக் குழந்தை ஏதாவது வந்திருக்கும். குளியலறைக்கு வெளியே வாஷ்பேசினில் முகம் கழுவப் போனால், குவளையில் நான்கு பல்துலக்கிகள். கூடத்துச் சுவரில் குடும்பப் படம்.

படத்தில் நான்கு பேர்.

"வந்துட்டியா? சின்னவ குளிச்சிட்டிருக்கா. ஒரு துண்டு குடு" என்றார் கணவர், செய்தித்தாளிலிருந்து தலையை எடுக்காமல்.

"எந்தச் சின்னவ?"

"விளையாடாத."

மகளைப் பார்த்தாள். மகள் பாடப் புத்தகத்தைத் திருப்பியபடி சொன்னாள்: "என் ஷாம்பு பூரா காலி பண்றாம்மா. நீ கேக்கவே மாட்டேங்கற."

குளியலறையில் தண்ணீர் ஊற்றும் சத்தம்.

வேகத்துக்குப் போன் போட்டாள்.

"எனக்கு எத்தனை பிள்ளைங்க?"

"என்னக்கா கேள்வி இது? ரெண்டு."

"கடைசி வரி சரியா படிச்சேனா?"

"இல்ல, கடைசி எழுத்து நெடில். நீங்க குறிலா முடிச்சிட்டீங்க."

போனை வைத்தாள்.

"அம்மா… துண்டு…"

குளியலறைக் கதவு ஒரு விரல்கடை திறந்தது. ஈரமான சின்னக் கை வெளியே நீண்டது. இடது பெருவிரலில் நகம் கடித்த தழும்பு.

அவளுக்குக் கத்தக்கூடத் தெம்பில்லை. பையிலிருந்து தாளை எடுத்தாள். கதவோரமாகவே நின்று வாசித்தாள்.

முதல் வரி…

தண்ணீர்ச் சத்தம் நின்றது.

இரண்டாவது வரி…

"அம்மா, யார்கிட்ட பேசுற?"

மூன்றாவது வரி…

"அம்மா, குளிருதும்மா… அம்மா, வேணா…"

கடைசி எழுத்தை நீட்டி முடித்தாள்.

அமைதி.

மணி ஐந்து ஐம்பத்திரண்டு.

கதவைத் தள்ளினாள். தரை காய்ந்து கிடந்தது. வெளியே குவளையில் மூன்று பல்துலக்கிகள். "அங்க நின்னு யார்கிட்டம்மா பேசுற?" என்றாள் மகள்.

தாளைக் கிழித்து அடுப்பில் போட்டாள். மறுநாள் அந்தச் சுவடியை அச்சிடக் கொடுத்தவர் பதிப்பகத்துக்கு வந்து, புத்தகமே வேண்டாம் என்று எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டு போய்விட்டார். எங்கே போனார் என்று யாருக்கும் தெரியவில்லை. போன சனியன் போகட்டும் என்று அவளும் விட்டுவிட்டாள். பழைய நான்கரை, பழைய பதினொன்று.

மூன்று மாதம் கழித்து அடிவயிற்றில் வலி. டாக்டரம்மாவிடம் போனாள். அவர் வயிற்றை அழுத்திப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"ரெண்டு பிரசவமும் ஆபரேஷனா?"

"ஒண்ணுதான் டாக்டர். ஒரே பொண்ணு."

டாக்டரம்மா விளக்கை அருகில் இழுத்தார். குனிந்து பார்த்தார். ஸ்கேன் எடுத்து வரச் சொன்னார். படத்தை வெகுநேரம் பார்த்தார்.

"இல்லம்மா. ஒரே இடத்துல ரெண்டு தடவை திறந்து தச்சிருக்காங்க. ரெண்டு தையலும் நல்லா தெரியுது." கண்ணாடியைக் கழற்றினார். "சின்னவளுக்கு இப்ப என்ன வயசு?"

தெரியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள்.

"எட்டு" என்றாள்.