ராணியம்மாளின் ஒத்துப்பெட்டி

என் மனைவி ராணியம்மாளுக்கு என்னைவிடக் கிணறுகளைத்தான் அதிகம் தெரியும். கல்வராயன் மலையடிவாரத்தில் ஒவ்வொரு கிணற்றுக்கும் தனித்தனியாக ஒரு முனகல் உண்டு. அந்த முனகலோடு ஒத்துப்பெட்டியின் ஓசை சேர்ந்தால்தான் ஊற்று திறக்கும். சேராவிட்டால் நூறு அடி தோண்டினாலும் காய்ந்த பாறைதான். சேர்த்து வைப்பது ராணியின் வேலை. பத்தொன்பது வருடமாகச் செய்கிறாள்.

பெட்டி பார்ப்பதற்கு டிபன் கேரியர் மாதிரி இருக்கும். செம்பு, உள்ளே ரீங்கரிக்கும் மூன்று தகடுகள், பக்கத்தில் ஒரு திருகு. கிணற்றுப் படியில் இறங்கி, பெட்டியைப் பாறைமேல் வைத்து, மூடியில் காதை அழுத்திக்கொண்டு திருகைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்புவாள். இரண்டு ஓசையும் ஒன்றானதும் தண்ணீர் ஏறிவிடும். அப்புறம் கிணறு அந்தச் சுதியை விடாது.

ஒரே ஒரு கட்டுப்பாடு. பெட்டி உள்ளே இருக்கும்போது சுற்றுவட்டாரத்தில் எந்தச் சத்தமும் கூடாது. பெண்கள் கொலுசைக் கழற்றிவிடுவார்கள். பக்கத்துக் காட்டு மோட்டாரை நிறுத்துவார்கள். வேறு சத்தம் பாறை வழியாகக் கலந்துவிட்டால், அதையும் சேர்த்துக் கிணறு பிடித்துக்கொள்ளும். பிறகு அந்தச் சத்தம் இருந்தால்தான் தண்ணீர். நாற்பத்தெட்டு நாள் கழித்துத்தான் திருத்த முடியும். அதற்கு முன் கை வைத்தால் கிணறு ஊமையாகிப்போகும்.

நான் கள்ளக்குறிச்சிக்கும் கச்சிராயபாளையத்துக்கும் இடையில் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவன். பெயர் தனசேகரன். சாலம்மாளின் கிணற்றுக்கு ராணியைக் கூட்டிப்போனதும் நான்தான்.

சாலம்மாள் நாற்பது வருடம் அடுத்தவர் காட்டில் களை பிடுங்கி, கரும்பு வெட்டியவள். போன வருடம்தான் அவள் பெயரில் அரை ஏக்கர் வந்தது. மரவள்ளிக் கரணை நட்டுவிட்டுத் தண்ணீருக்குக் காத்திருந்தாள். நாங்கள் போன அன்று கிணற்றில் தண்ணீர் ஏறியதும் ராணியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

மறுநாள் காலையில் போன் செய்தாள். தண்ணீர் இறங்கிவிட்டதாம். ராணிக்கு எலவனாசூர்கோட்டையில் வேறு வேலை. "யோவ், இன்னான்னு பாத்துக்கினு வா" என்று என்னை அனுப்பினாள்.

கிணற்று மேட்டில் ஆட்டோ போய் நின்றதும் உள்ளே எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த சாலம்மாள் கத்தினாள்: "அண்ணா, ஏறுதுங்க!"

வண்டியை அணைத்தேன்.

"ஐயோ, எறங்கிப் போவுது!"

எனக்கு விளங்கிவிட்டது. முந்தின நாள் என் வண்டி மக்கர் செய்துகொண்டிருந்தது. அணைத்தால் தள்ளித்தான் கிளப்ப வேண்டும். அந்த வெயிலில் யார் தள்ளுவது என்று, ராணி உள்ளே இறங்கியதும் புளியமரத்தடியில் வண்டியை ஓடவிட்டபடியே நிறுத்தியிருந்தேன். அவ்வளவு தூரம் கேட்காது என்று நினைத்தேன். மேலே வந்த ராணி, அப்போதுதான் வண்டியைக் கிளப்பினேன் என்று நினைத்திருப்பாள். பத்தொன்பது வருடம் அவளோடு குடித்தனம் நடத்திய எனக்கு இது கூடவா தெரியாது? சோம்பேறித்தனம்தான்.

சாலம்மாளிடம் ஒன்றும் புரியவில்லை என்றேன். வீட்டிலும் அதையே சொன்னேன்.

ராணி என்னைச் சந்தேகப்படவில்லை. தன் காதைச் சந்தேகப்பட்டாள். அந்த வாரம் இரண்டு ஊரிலிருந்து கூப்பிட்டார்கள், போகவில்லை. தட்டை வைத்தால் சாப்பிட்டாள், கேட்டால் பதில் சொன்னாள், அவ்வளவுதான். குக்கர் விசிலடித்தால் அடுப்புப் பக்கம் திரும்பி நின்று, ஒரு காதைப் பொத்தி, பிறகு மறு காதைப் பொத்திப் பார்ப்பாள். அதைப் பார்த்துக்கொண்டே நான் சோறு தின்றேன். இப்போது நினைத்தாலும் என்மேலேயே காறித் துப்பத் தோன்றுகிறது.

ஐந்தாம் நாள் பெட்டியைப் பழைய புடவையில் சுற்றி என் முன்னால் வைத்தாள்.

"சின்னசேலத்துல கொளஞ்சியம்மா இந்த வேலைதான் செய்யுது. அதுங்கிட்ட குட்த்துடு. சாலம்மா கரணை காஞ்சிக்கினு கீது, அதையாவது பாக்கச் சொல்லு. என் காது போச்சுய்யா."

"உன் காது போவல" என்றேன். "நான்தான் வண்டிய நிறுத்தல."

அவள் பெட்டியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "எப்பத்துலருந்து உனக்குத் தெரியும்?"

"சாலம்மா போன் பண்ணாளே, அன்னிக்கே."

"நட" என்றாள். ஆட்டோவில் ஏறி உட்கார்ந்தாள். கிணற்று மேட்டில் சாலம்மாள் நின்றிருந்தாள். நான் வண்டியை அணைக்காமல் நிறுத்தினேன். ராணி படியில் இறங்கிப் பாறையில் காதை வைத்தாள். தண்ணீர் படிப்படியாக ஏறி அவள் பாதத்தை நனைத்தது. முழங்கால் வரை வந்தபோதும் எழுந்திருக்கவில்லை. கீழேயிருந்து அழுகையும் சிரிப்புமாகக் குரல் கேட்டது.

"சாலம்மா, சரியாத்தான் சேத்துக்கீறேன்! எந்த சத்தம் இருந்துச்சோ அத்தோட சேத்துக்கீறேன்! ஒரு இம்மி தப்பல!"

சாலம்மாளுக்கு விஷயம் புரிந்ததும் என்னைத் திட்டிய திட்டை எழுத முடியாது. திட்டிக்கொண்டே வாய்க்காலைத் திறந்துவிட்டாள். கரணை பிழைத்தது.

நாற்பத்தெட்டாம் நாள் வரைக்கும் விடியற்காலையில் என் ஆட்டோ அந்த மேட்டில்தான். நான் ஆக்சிலேட்டரைப் பிடித்திருப்பேன், சாலம்மாள் பாய்ச்சுவாள், ராணி பின்சீட்டில் உட்கார்ந்து டீ குடிப்பாள். ஓடாத ஆட்டோ ஏன் உறுமுகிறது என்று போகிறவர் வருகிறவரெல்லாம் கேட்பார்கள். ராணி பதில் சொல்ல மாட்டாள். என் முதுகில் விரலால் குத்துவாள். நான் திரும்பி, கேட்டவருக்கு முழுக் கதையையும் ஒன்றுவிடாமல் சொல்வேன். தப்பு என்னுடையது, அவள் காது சரி என்று முடிக்கிற வரைக்கும் அந்த விரல் முதுகைவிட்டு விலகாது.