முடியில் ஏறிய வாடை

கோத்தா திங்கியில் பஸ் ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்த அக்கா, தன் ஈர முடியை முகர்ந்து முகர்ந்து பார்த்துக்கொண்டே வந்தார்.

"தம்பி, எம்மேல வாடை வருதா?"

வந்தது. ஷாம்பூவையும் மீறிக் கருகிய பிளாஸ்டிக் வாடை. பிளாஸ்டிக் கழிவு உருக்கும் ஃபேக்டரியில் வேலையாம். நாம் ஆன்லைனில் மலிவாக வாங்கி, மறுமாதமே உடைத்துப் போடும் பொம்மையும் மின்விசிறியும் அங்கேதான் போய்ச் சேருகின்றன. உருக்க ஆகாததைப் பின்பக்கமே எரிக்கிறார்கள். அக்காவின் வீடும் அந்தப் பக்கம்தான். மகள் மூச்சுத்திணறலோடு ஜொகூர் பாரு ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள்; அவளைப் பார்க்கத்தான் போகிறார்.

"இந்த வாடை பட்டாலே அவளுக்கு இருமல் வந்துடும்லா."

"இப்பவே சுற்றுச்சூழல் இலாகாவுக்குப் புகார் எழுதுறேன்கா!" என்று போனை எடுத்தேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"அலமாக், வேணாம் தம்பி! ஃபேக்டரிய மூடிட்டான்னா சோத்துக்கு எங்க போவேன்? ஒரு மாசம் பொறுங்க. வேற வேலை தேடிக்கிறேன், அப்புறம் எழுதுங்க."

சரி என்றேன்.

மாதம் முடிந்துவிட்டது. வேலை கிடைத்ததா என்று கேட்க, அவர் பெயர்கூட எனக்குத் தெரியாது. புகாரை எழுதி வைத்திருக்கிறேன். அனுப்ப விரல் வரவில்லை. இதற்குள் அந்தப் பிள்ளையை ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள், அதே புகைக்கு.