பிடிபடாத இரணியன்

அப்பாவின் உடம்பில் இரண்டு வாசனை இருந்தது. முழங்காலில் தேய்க்கும் தைலத்தின் காரநெடி ஒன்று, முகத்தில் குழைத்துப் பூசும் அரிதாரத்தின் தேங்காயெண்ணெய் வாசனை மற்றொன்று. முதலாவது வந்தால் எனக்குத் தைரியம், இரண்டாவது வந்தால் பயம்.

புதூர்நாட்டு மலையிலிருந்து ஜீப்பேறிப் போய், கீழே ஒரு மில் அணிக்குச் சம்பளத்துக்குக் கபடி ஆடியவர் அவர். நாலு பேர் சேர்ந்து "கால்புடி" போட்டாலும் உருவிக்கொண்டு கோட்டுக்கு வந்துவிடுவார். "விலாங்கு" என்றுதான் அவருக்குப் பேர். அதே மனிதர் எங்கள் ஊர்த் திருவிழாக் கூத்தில் வருஷாவருஷம் இரணியன் வேஷம் கட்டுவார்; நரசிம்மம் கட்டுவது என் பெரியப்பா. எறும்பை மிதிக்க யோசிக்கிற பெரியப்பாவுக்கு அந்த முகமூடியை மாட்டியதும் சாமி வந்துவிடும், நிஜமாகவே கிழித்துவிடுவார் என்று இடுப்பில் வடக்கயிறு கட்டி ஐந்து பேர் இழுத்துப் பிடிப்பார்கள். "முன்னாடி ஒரு இரணியன் எழுந்திரிக்கவே இல்ல" என்று பெரியவர்கள் சர்வசாதாரணமாகச் சொல்வார்கள். ஒன்பது வயதுப் பெண் பிள்ளையிடமா சொல்வது அதை!

அந்த வருஷம், பொழுது விடிகிற நேரத்தில், பனியில் நனைந்த கயிறு, பிடித்தவர்களின் கையை விட்டு நழுவியது. பெரியப்பா ஒரே பாய்ச்சலில் அப்பாவின் இடுப்பைக் கவ்விப் பிடித்தார். அவர் மடியில் மல்லாந்து சாக வேண்டிய இரணியன் குனிந்தார், உடம்பை முறுக்கினார், உருவிக்கொண்டு கூட்டத்தைப் பிளந்து ஓடியே போய்விட்டார். பதினைந்து வருஷம் ஆடிய உடம்பு. அதற்குக் கூத்து எது, கபடி எது என்ற பேதம் தெரியவில்லை.

யாரும் சிரிக்கவில்லை. நான் தேடிப் போனபோது வீட்டுக்குப் பின்னால் பலாமரத்தடியில் மூச்சிரைக்க உட்கார்ந்திருந்தார். வயிற்றில் நகக்கீறல், ரத்தம். பெரியப்பாவின் உறுமல் அங்கேவரை கேட்டது. அப்பாவின் இடுப்புத் துணியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். பின்னாலேயே வந்த ஊர்க்கவுண்டர் குரலைக்கூட உயர்த்தவில்லை.

"இரணியன் சாவாம சுத்தினா, வெதச்ச சாமை வூடு வந்து சேருமா? நீயே சொல்லுப்பா."

போகாதே என்று கத்த நினைத்தேன். பிடியை மட்டும் இறுக்கினேன். நாலு ஆள் பிடியை உதறுகிறவர் என்னை உதறவில்லை. என் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார்.

"புடிபட்டாதான் கண்ணு ஆட்டம் முடியும். போய்ட்டு வர்றேன்."

போனார். பெரியப்பாவின் மடியில் தானாகவே மல்லாந்தார். நான் கண்ணை மூடிக்கொண்டேன். திறந்தபோது முகமூடியைக் கழற்றியிருந்தார்கள். பெரியப்பா தம்பியின் வயிற்றில் மஞ்சளை அப்பிக்கொண்டே அழுதார்.

இப்போதும் கூத்து நடக்கிறது. நைலான் கயிறு, அதையும் பேருக்குத்தான் கட்டுகிறார்கள். சாமி வருவதில்லை, செத்த இரணியன் எழுந்து செல்ஃபி எடுத்துக்கொள்கிறான். பெரியப்பா இல்லை. போன ஆடியில் அப்பாவும் போய்ச் சேர்ந்தார். ஆஸ்பத்திரிக் கட்டிலில் தைல வாசனையும் இல்லை, அரிதார வாசனையும் இல்லை, மருந்து நெடிதான். இந்த முறை என் கையை இறுக்கிப் பிடித்திருந்தது அவர். முடிந்துவிட்டது என்று நர்ஸ் சொன்ன பிறகு அவர் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தேன்.