லொரெய்ன் அழுத குரல்

போன மாதம் ஆக்லாந்தின் பிளாக்ஹவுஸ் பே பகுதியில் ஓர் அறுபதாம் கல்யாணம். சாப்பாட்டுக்கு முன்னால் திரையில் பழைய போட்டோக்களை ஓட்டிக்கொண்டிருந்தார்கள். நடுவில் திடீரென்று ஒரு கருமணல் கடற்கரை வந்தது. தோலாடை உடுத்திய பெண் ஒருத்தி மண்டியிட்டு, தலைமுடி முகத்தில் பறக்க, "ஐயோ, அரிசி ஊறப்போட மறந்துட்டேனே, நான் என்ன செய்வேன்" என்று சுத்தமான மதுரைத் தமிழில் அழுதாள். மண்டபமே சிரித்தது. மாப்பிள்ளை மைக்கைப் பிடித்து, "அந்தக் குரலுக்குச் சொந்தக்காரங்க இங்கதான் உக்காந்திருக்காங்க, எந்திரிங்கம்மா" என்றார். எழுந்து கும்பிட்டேன். அதற்குப் பிறகு பாயசத்தை அப்படியே இலையில் விட்டுவிட்டேன்.

ஆக்லாந்துத் தமிழர்களுக்கு நான் அரிசி அக்கா. என் சொந்தப் பெயரைச் சொன்னால் பாதிப் பேருக்கு ஆள் தெரியாது. வெள்ளைக்காரன் எடுத்த படத்தில் தமிழ் கேட்கிறது என்பதில் எங்கள் ஆட்களுக்கு அப்படியொரு பெருமை. பொங்கல் விழா, பிறந்தநாள் விழா எதுவானாலும் அந்தப் படத்துண்டைப் போட்டுவிடுவார்கள். நானும் வருஷக்கணக்காகப் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றவள்தான், மறைத்து என்ன ஆகப்போகிறது.

மதுரையில் வங்கி வேலையை விட்டுவிட்டு, கணவரின் விசாவைப் பிடித்துக்கொண்டு இங்கே நியூசிலாந்துக்கு வந்தவள் நான். மாசி என்ற புறநகரில் வாடகை வீடு. இந்த ஊர் வங்கி எதுவும் என்னைச் சீந்தவில்லை. பக்கத்தில் ஒரு பெரிய தகரக் கொட்டகையில் வெளிநாட்டுப் படமொன்றுக்குத் தையல் ஆள் வேண்டும் என்றார்கள், போய்விட்டேன். செயற்கைத் தோலும் பசையும் சேர்ந்து நாறும் இடம். இன்றைக்கும் கடையில் புதுக் கைப்பையை முகர்ந்தால் அந்தக் கொட்டகைதான் மூக்கில் ஏறுகிறது. பக்கத்து மெஷினில் யாழ்ப்பாணத்து ராணி அக்கா. தைப்பதைவிடக் கதைப்பது அதிகம்.

படம் அமெரிக்கக் கதை. குதிரை, துப்பாக்கி, பழங்குடிகள். இங்கே எடுத்தால் செலவு குறைவாம். அமெரிக்காவின் நட்டநடு நிலத்தில் கடல் எங்கேயிருந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை. கூட்டத்தில் நிற்பதற்கு நம் ஆட்கள் நிறைந்த மவுண்ட் ரோஸ்கில் பக்கத்திலிருந்து பழுப்பு நிற ஆட்களாகப் பார்த்துக் கூட்டிவந்து சடைமுடி வைத்தார்கள். அத்தனை பேரிலும் உண்மையான அமெரிக்கப் பழங்குடி, லகோட்டா இனத்துப் பெண் ஒருத்திதான். அவள் பெயர் லொரெய்ன்.

பாவாடை விளிம்பைக் குத்திக்கொண்டு நான் அவள் காலடியில் உட்கார்ந்திருப்பேன், அவள் பேசிக்கொண்டிருப்பாள். எனக்கும் அவளுக்கும் இங்கிலீஷ்தான். சின்ன வயதில் அவளைப் பாதிரிமார் விடுதிப் பள்ளியில் போட்டிருக்கிறார்கள். வீட்டுப் பேச்சு வாயில் வந்தால் சோப்பை வைத்துத் தேய்ப்பார்களாம். பெரியவளானதும் பள்ளிக்கூட பஸ் ஓட்டியிருக்கிறாள். ஏதோ திருவிழாவில் அவள் ஆடுவதைப் பார்த்துப் படக்காரர்கள் பிடித்துக்கொண்டார்கள். முதல் படத்தில் கதாநாயகனுக்குப் பின்னால் ஒரு பானையோடு நின்றாள். இரண்டாவதில் பெயர் போடுவதற்குள் செத்துப்போனாள். மூன்றாவது இந்தப் படம். இதில் தாய் இறந்ததும் மகளாக அவள் அழ வேண்டும். என் பாஷையிலேயே அழட்டுமா என்று அவளே கேட்டாளாம். இயக்குநரும் சரி என்றிருக்கிறார்.

"என் மகளுக்கு நான் அந்தப் பேச்சைச் சொல்லியே தரலை. நான் பட்டது அவளும் படக்கூடாதுன்னு பயம். படத்துலயாவது கேட்கட்டும்" என்றாள். வாயில் ஊசியை வைத்துக்கொண்டு, ம் என்றேன்.

படம் பிடித்த அன்று கடற்கரையில் பேய்க்காற்று. கேமராவுக்குத் தெரியாத ஓரத்தில், பக்கத்திலேயே கம்பளியோடு நின்றேன். லொரெய்ன் மண்டியிட்டுப் பேசத் தொடங்கினாள். எழுதிக்கொடுத்த வசனம் எதுவும் இல்லை. விடுதியில் இருந்தபோது செத்துப்போன தன் அம்மாவிடம் பேசினேன் என்று அப்புறம் சொன்னாள். அடக்கத்துக்குக்கூட அவளை அனுப்பவில்லையாம். முடிந்ததும் நான் மூக்கை உறிஞ்சிக்கொண்டே போய்க் கம்பளியைப் போர்த்தினேன்.

அவள் ஊருக்குப் போய்ச் சில மாதம் கழித்து, ஒலிப்பதிவுக்காரர் எங்கள் தையல் அறைக்கு வந்தார். பதிவு முழுக்கக் காற்றுதான் இருக்கிறது, அவளைத் திரும்பக் கூப்பிடச் செலவாகும் என்றார்.

"உன் பாஷையிலேயே அழுதுடு. யாருக்குத் தெரியப்போகுது?"

"என்ன சொல்லி அழுறது?"

"எதையாவது சொல்லு."

கண்ணாடி அறைக்குள் போய் நின்றதும் மூளை வெறும் பானையாகிவிட்டது. மறுநாள் வீட்டுக்கு விருந்தாள், இட்லிக்கு அரிசி ஊறப்போடாமல் வந்தது மட்டும் நினைவில் இருந்தது. அதைச் சொல்லியே அழுதேன். நன்றாகத்தான் அழுதேன் என்று கட்டைவிரலைக் காட்டினார்கள். வெளியே ராணி அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "ஓம் பிள்ளை, இனி நீயும் நடிகைதான்." அன்று ராத்திரியே மதுரைக்குப் போன் போட்டுப் பெருமையடித்தேன். லொரெய்னின் மகளைப் பற்றி அப்போது நான் நினைக்கவே இல்லை. இதை எழுதும்போதும் முகம் சுடுகிறது.

அதற்குப் பிறகு லொரெய்னை யாரும் நடிக்கக் கூப்பிடவில்லை. திரும்பவும் பஸ்தான் ஓட்டினாளாம். இது எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? எங்கள் ஆட்கள் அந்தத் துண்டை இணையத்திலும் போட்டு வைத்திருக்கிறார்கள். அந்த அறுபதாம் கல்யாணத்துக்கு முந்தின வாரம் அதன் கீழே லொரெய்னின் மகள் எழுதியிருந்தாள். சிரிப்புப் பொம்மைகளுக்கு நடுவில் அவளுடைய கேள்வி மட்டும் தனியாக நின்றது. என் மகன் அதை எனக்கு அனுப்பி, "அம்மா, யூ ஷுட் ரிப்ளை" என்றான்.

லொரெய்ன் குளிர்காலத்தில் இறந்துவிட்டாளாம். அம்மா தன் பாஷையில் பேசியதாக அந்த மகளிடம் இருப்பது இந்தப் படம் ஒன்றுதான். சிறுபிள்ளையிலிருந்தே அந்த வரியை மனப்பாடம் செய்து வைத்திருந்திருக்கிறாள். வீட்டில் அந்தப் படத்தைப் போட்டாலே அம்மா எழுந்து வெளியே போய்விடுவாளாம், துக்கம் தாங்கவில்லை என்று நினைத்தோம் என்று எழுதியிருந்தாள். அடக்கத்தன்று குழிக்குப் பக்கத்தில் நின்று அந்த வரியைச் சொல்லியிருக்கிறாள். ஊர்ப் பெரியவர் ஒருவர், இது நம்ம பேச்சு இல்லையே என்றாராம். அப்படியானால் என் அம்மா என்ன சொன்னாள், தெரிந்தவர்கள் சொல்லுங்கள் என்று கேட்டிருந்தாள்.

செத்துப்போன தாயின் முன்னால் அந்தப் பெண் அரிசி ஊறப்போட மறந்ததைச் சொல்லி அழுதிருக்கிறாள். லொரெய்ன் ஏன் எழுந்து போனாள் என்று எனக்குத் தெரியும்.

கல்யாண வீட்டிலிருந்து வந்து, எல்லாவற்றையும் எழுதினேன். அது என் குரல், அது தமிழ், அதற்கு இன்ன அர்த்தம் என்று ஒன்றுவிடாமல் எழுதினேன். அசல் ஒலி கிடைக்குமா என்று விசாரித்தும் பார்த்தேன். அந்தக் கம்பெனி மூடி வெகுகாலமாகிறது. கொட்டகை இருந்த இடத்தில் வரிசையாக மாடி வீடுகள். ஒலிநாடா எங்கே போனதென்று சொல்ல ஆளில்லை.

சில நாள் கழித்துப் பதில் வந்தது. திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன், திட்டியிருந்தால் தேவலை. அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "நீங்கள் அங்கே இருந்தீர்களே, அம்மா உண்மையில் சொன்னதைக் கேட்டீர்களா? ஒரு சொல்லாவது?"

கேட்டேன். காற்று நினைவிருக்கிறது. கம்பளிக்குள் அவள் தோள் நடுங்கியது நினைவிருக்கிறது. அவள் வாய் அசைந்தது நன்றாகத் தெரிகிறது. ஆனால் அந்த வாயிலிருந்து இப்போது என் குரல்தான் வருகிறது.